வாசகர் கேள்வி–பதில்: கதை சொல்லவும் சட்டம் உண்டு

கற்பனை உலகத்தில் நடக்கும் மாயக்கதை எழுதுகிறவர்கள் சந்தேகங்களை அனுப்பலாம் என்று சொல்லியிருந்தோம். வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ஒரே விஷயத்தைத்தான் கேட்கின்றன: உலகமே என் கற்பனை, அதற்கு விதி எதற்கு, வைத்தால் யாருக்கு வைப்பது? அதனால் இந்த முறை அந்தக் கேள்விகளை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

கல்லூரி மாணவி, திருநெல்வேலி: என் நாவலில் ஒரு தீவு வருகிறது. அங்கே யார் என்ன கதை சொன்னாலும் மறுநாள் அது நடந்துவிடும். என் தோழிகள், "முதலில் விதிகளை எல்லாம் ஒரு நோட்டில் எழுதிக்கொள், அப்புறம் கதையைத் தொடங்கு" என்கிறார்கள். விதிகளே ஒரு நோட்டு நிறைந்துவிட்டது, கதை இரண்டாம் பக்கத்தைத் தாண்டவில்லை.

அந்த நோட்டைக் கொஞ்ச நாள் அலமாரியில் வையுங்கள். கிழித்துப் போட வேண்டாம், பிறகு உதவும். இப்போது உங்களுக்குத் தேவை ஒரே ஒரு சட்டம்தான், அதுவும் உங்கள் கதாநாயகியின் கழுத்தைப் பிடிக்கிற சட்டமாக இருக்க வேண்டும்.

விக்கிரமன் வேதாளம் கதையை நாம் எல்லோரும் படித்திருக்கிறோம். "தன் முயற்சியில் சற்றும் மனம் தளராத விக்கிரமன்" என்று அம்புலிமாமாவில் தொடங்கும்போதே அடுத்த வரி வாயில் வந்துவிடும், கே.சி. சிவசங்கரன் என்கிற சங்கர் வரைந்த படம், தோளில் பிணம், கையில் வாள், கண் முன்னால் நிற்கும். அந்தக் கதையின் சட்டத்தை ஒரு முறை தனியாக எடுத்துப் பாருங்கள். ராஜா வழியில் பேசக் கூடாது, பேசினால் பிணம் மரத்துக்குத் திரும்பிப் போய்விடும். இது முதல் பாதி. இது மட்டும் இருந்தால் கதையே இல்லை, ராஜா வாயை மூடிக்கொண்டு நடந்து போய்ச் சேர்ந்துவிடுவான். இரண்டாம் பாதியில்தான் உயிர் இருக்கிறது: கேள்விக்குப் பதில் தெரிந்தும் சொல்லாமல் இருந்தால் தலை வெடித்துவிடும். இரண்டையும் சேர்த்தால் என்ன ஆகிறது? ராஜாவின் அறிவே அவனுக்கு எதிரியாகிவிடுகிறது. மண்டபத்தில் உட்கார்ந்து நியாயம் சொல்லிப் பேர் வாங்கியவன், அந்த நியாயம் தெரிந்திருப்பதாலேயே ஒவ்வொரு தடவையும் தோற்று, சுடுகாட்டுக்குத் திரும்பி நடக்கிறான்.

இந்தச் சட்டம் யாருக்காகச் செய்யப்பட்டது என்று பார்த்தீர்களா? வேதாளத்தின் சக்தி எவ்வளவு, அது எப்படிப் பறக்கிறது, பிணத்துக்குள் எப்படிப் புகுந்தது என்பதைப் பற்றி யாரும் நமக்கு விளக்கியதில்லை, நாமும் கேட்டதில்லை. சட்டம் ராஜாவின் குணத்தைப் பார்த்து, அவன் எதில் கெட்டிக்காரனோ அதையே குறிவைத்துச் செய்யப்பட்டிருக்கிறது. உங்கள் தீவிலும் இப்படித்தான் தேட வேண்டும். சொன்ன கதை மறுநாள் நடக்கும் என்றால், அந்த ஊரில் அதிகம் பயப்பட வேண்டியது யார்? பொய் சொல்லத் தெரியாத பெண்ணா, குழந்தைக்குத் தாலாட்டில் ராட்சசன் கதை சொல்லும் பாட்டியா, திக்கித் திக்கிப் பேசுகிறவனா? அந்த ஆளைக் கண்டுபிடித்த அன்றே உங்கள் முதல் அத்தியாயம் ஓடத் தொடங்கிவிடும்.

மென்பொருள் ஊழியர், சென்னை: முடிவில் நாயகன் விதியை உடைத்து ஜெயிப்பதாக எழுதலாமா? வாசகர்கள் கைதட்டுவார்களே!

உடைக்காதீர்கள். கைதட்டுவார்கள், புத்தகத்தை மூடியதும் மறந்துவிடுவார்கள்.

வேதாளக் கதைக்கே திரும்பி வருகிறேன், ஏனென்றால் முடிவை எப்படிக் கட்டுவது என்பதற்கு இதைவிட நல்ல பாடம் எனக்குத் தெரியவில்லை. சோமதேவர் 11ஆம் நூற்றாண்டில் காஷ்மீரத்தில், சூரியவதி என்ற ராணிக்காக எழுதிய கதாசரித்சாகரத்தில் இந்தக் கதைகள் வரிசையாக வருகின்றன. கடைசிப் புதிரில் ஒரு தகப்பனும் மகனும் காட்டில் இரண்டு பெண்களின் காலடித் தடத்தைப் பார்க்கிறார்கள். பெரிய தடத்துக்காரி தகப்பனுக்கு, சின்னத் தடத்துக்காரி மகனுக்கு என்று பேசிக்கொள்கிறார்கள். நேரில் கண்டால் அந்த இருவரும் தாயும் மகளும், பெரிய பாதம் மகளுடையது. பேசியபடியே தகப்பன் மகளையும் மகன் தாயையும் கட்டிக்கொள்கிறார்கள். இவர்களுக்குப் பிறக்கும் குழந்தைகள் ஒருவருக்கொருவர் என்ன முறை?

ராஜா யோசிக்கிறான், யோசிக்கிறான், பதில் தெரியவில்லை. தெரியாததால் பேசவில்லை, தெரியாததால் தலையும் வெடிக்கவில்லை. சட்டத்தின் இரண்டு பாதியும் அப்படியே இருக்கின்றன, ஒரு எழுத்துகூட மாறவில்லை, ஆனால் இரண்டுக்கும் நடுவில் முதல் கதையிலிருந்தே திறந்து கிடந்த சின்ன வழியில் அவன் வெளியே வந்துவிடுகிறான். அதற்கு அவன் தன் அறிவின் எல்லைக்குப் போய் நிற்க வேண்டியிருந்தது. அந்த முடிவு முதல் கதையிலேயே இருந்திருக்கிறது, நமக்குத்தான் தெரியவில்லை. நீங்களும் விதியை ஒரு காகிதத்தில் எழுதி, அதில் சொல்லாமல் விட்டது என்ன என்று பாருங்கள். உங்கள் முடிவு அங்கேதான் கிடக்கிறது.

அம்புலிமாமா 1947இல் தொடங்கிய பத்திரிகை, அதில் இந்தக் கதை வரிசை பல பத்தாண்டுகள் மாதா மாதம் வந்தது. பழைய நூலில் இருபத்தைந்தோடு தீர்ந்துவிட்ட கதை அவ்வளவு காலம் எப்படி ஓடியது? அந்தச் சட்டத்தின் பலம்தான். ராஜாவுக்குப் பதில் தெரிந்துகொண்டே இருக்கும்வரை கதை முடியாது, எழுதுகிறவர்கள் புதிய கதைகளை வைத்துக்கொண்டே போகலாம். தொடர்கதை எழுத ஆசைப்படுகிறவர்கள் இதைக் குறித்துக்கொள்ளலாம்.

பள்ளி ஆசிரியர், ஈரோடு மாவட்டம்: மந்திரத்துக்கு விதி என்பது புரிகிறது. கதை சொல்வதற்கே விதி இருக்கிற, அதாவது யார் கதை சொல்லலாம், யார் கேட்கலாம் என்பதே பிரச்சினையாக இருக்கிற பழைய கதை ஏதாவது உண்டா? மாணவர்களுக்குச் சொல்ல வேண்டும்.

உண்டு. உங்கள் மாவட்டத்துக்கும் அதற்கும் உறவு உண்டு, அதைக் கடைசியில் சொல்கிறேன்.

கதாசரித்சாகரத்தின் தொடக்கமே இதுதான். பார்வதி, யாரும் கேட்டிராத புதுக் கதை ஒன்று வேண்டும் என்கிறாள். சிவன், யாரையும் உள்ளே விடாதே என்று நந்தியை வாசலில் நிறுத்திவிட்டு, வித்தியாதரர்களின் கதையைச் சொல்கிறார். புஷ்பதந்தன் என்ற சிவகணம் யோக சக்தியால் கண்ணுக்குத் தெரியாமல் உள்ளே நுழைந்து முழுவதையும் கேட்டுவிடுகிறான். கேட்டதை மனைவி ஜயையிடம் சொல்கிறான். ஜயை யார் என்றால் பார்வதியின் வாயில் காப்பவள்! அவள் போய் அதே கதையைப் பார்வதியிடமே சொல்ல, "புதுக் கதை என்றீர்களே, இது ஜயைக்குக்கூடத் தெரிந்திருக்கிறதே" என்று பார்வதி சிவனிடம் கோபப்படுகிறாள். உண்மை தெரிந்ததும் புஷ்பதந்தனுக்குச் சாபம், மனிதனாகப் பிறக்க வேண்டும் என்று. அவனுக்காகப் பரிந்து பேசிய மால்யவான் என்ற இன்னொரு சிவகணத்துக்கும் அதே சாபம்.

இனிமேல் வருவதுதான் எனக்கு ரொம்பப் பிடித்த இடம். சாபம் எப்படித் தீரும்? விந்தியக் காட்டில் காணபூதி என்று ஒரு பிசாசு, அவனும் சாபம் பெற்ற யட்சன்தான். புஷ்பதந்தன் அவனிடம் முழுக் கதையையும் சொன்னால் புஷ்பதந்தனுக்கு விடுதலை. காணபூதி அதை மால்யவானிடம் சொன்னால் காணபூதிக்கு விடுதலை. மால்யவான் அதை உலகம் முழுவதும் பரப்பினால் அவனுக்கு விடுதலை. குற்றம் என்ன, கதையைப் பரப்பியது. தண்டனையிலிருந்து தப்ப வழி என்ன, அதே கதையைப் பரப்புவது. ஒரு வீட்டு அறையில் இரண்டு பேருக்குள் அடங்கிக் கிடந்த கதை, அந்தத் திருட்டும் சாபமும் இல்லாவிட்டால் நம்மிடம் வந்தே இருக்காது. சட்டம் போட்ட தெய்வமே அந்தச் சட்டம் மீறப்பட்டதை வைத்து உலகத்துக்குக் கதை கொடுக்கிறது. இவ்வளவு அழகான சட்டத்தை எழுதியவர்கள் கதை என்றால் என்ன என்று ஆழமாக யோசித்தவர்களாகத்தான் இருக்க வேண்டும்.

அப்புறம் மால்யவான் குணாட்டியராகப் பிறந்து சாதவாகன ராஜாவிடம் அமைச்சராகிறார். ராஜாவுக்குச் சமஸ்கிருத இலக்கணம் கற்றுக்கொடுக்க ஆறு வருடம் ஆகும் என்கிறார் குணாட்டியர். ஆறே மாதம் போதும் என்கிறார் இன்னொரு அமைச்சரான சர்வவர்மன். அப்படி நடந்தால் நான் சமஸ்கிருதம், பிராகிருதம், நாட்டு மொழி மூன்றையுமே விட்டுவிடுகிறேன் என்று குணாட்டியர் பந்தயம் கட்டித் தோற்றுப்போகிறார். உலகம் முழுவதும் கதை பரப்ப வேண்டிய ஆளுக்கு இப்போது பேச மொழியே இல்லை! காட்டுக்குப் போய்ப் பிசாசுகளின் மொழியான பைசாசியைக் கற்றுக்கொண்டு, காணபூதியிடம் கதை கேட்டு, காட்டில் மை கிடைக்காததால் தன் ரத்தத்தாலேயே ஏழு லட்சம் சுலோகங்கள் எழுதுகிறார். ராஜாவுக்கு அனுப்பினால், பைசாசியா, ரத்தமா என்று அவன் திருப்பி அனுப்பிவிடுகிறான். மனம் வெறுத்துப்போன குணாட்டியர் தீ மூட்டி, ஒவ்வொரு ஏடாக வாசித்து வாசித்து நெருப்பில் போடுகிறார். மான், பன்றி, காட்டெருமை எல்லாம் மேயாமல் சுற்றி நின்று அழுதுகொண்டே கேட்கின்றன. அரண்மனையில் சாப்பாட்டுக்கு வரும் இறைச்சி வற்றிப்போயிருக்கிறதே என்று விசாரித்து ராஜா அங்கே வந்து சேர்வதற்குள் ஆறு லட்சம் எரிந்துவிட்டது. மிச்சம் ஒரு லட்சம், நரவாகனதத்தனின் கதை.

இதை வகுப்பில் சொல்லும்போது, எரிந்த ஆறு லட்சத்தில் என்ன இருந்திருக்கும் என்று பிள்ளைகளையே எழுதச் சொல்லுங்கள்.

உறவு சொல்கிறேன் என்றேனே. குணாட்டியர் பைசாசியில் எழுதிய அந்த நூலின் பெயர் பிருகத்கதை, அது மறைந்துவிட்டது. அந்தக் கதையைத் தமிழில் பாடியவர் கொங்குவேளிர், பெருங்கதை என்ற காப்பியமாக. அவருடைய ஊர் உங்கள் மாவட்டத்து விஜயமங்கலம். உ.வே.சாமிநாதையர் 1924இல் பதிப்பித்தார். கிடைத்த சுவடியில் தொடக்கமும் இல்லை, முடிவும் இல்லை. எரியாமல் தப்பி வந்த கதைக்குத் தமிழிலும் அப்படி ஒரு நிலைமை என்பதைப் படிக்கும்போது எனக்கு நெஞ்சு அடைத்துப்போனது. பள்ளியிலிருந்து மாணவர்களை ஒரு நாள் விஜயமங்கலம் அழைத்துப் போங்கள்.

வாசகர், கோவில்பட்டி: ஒரு கற்பனை உலகத்துக்கு எத்தனை சட்டம் வைக்கலாம்?

வாசகருக்கு நினைவிருக்கிற அளவு. ஒன்று போதும், மூன்றுக்கு மேல் போனால் நீங்களே ஏதாவது ஓர் அத்தியாயத்தில் மறந்துவிடுவீர்கள்.

வாசகர், வாணியம்பாடி: எங்கள் தாத்தா உருதுவில் தாஸ்தான் கதைகள் படிப்பார். தில்ஸம் என்று ஒரு மாய நாடு வரும், கேட்டுக்கொண்டே தூங்கிப்போவோம். அதை அடிப்படையாக வைத்துத் தமிழில் எழுத நினைக்கிறேன். அதன் விதிகள் என்ன?

தாத்தா படித்தது அமீர் ஹம்ஸா தாஸ்தானாக இருக்கலாம், அதன் நடுவில்தான் தில்ஸமே ஹோஷ்ருபா என்ற பகுதி வருகிறது. லக்னோவில் நவல் கிஷோர் அச்சகம் 1883 முதல் அதை வெளியிட்டது, முதல் நான்கு தொகுதிகளை முகம்மது ஹுசைன் ஜாஹ் எழுத, மீதியை அகமது ஹுசைன் கமர் எழுதினார். வாயால் இரவு இரவாகச் சொல்லப்பட்ட கலை அது. தில்லியின் கடைசி தாஸ்தான் சொல்லி என்று பெயர் பெற்ற மீர் பாகர் அலி 1928இல் இறந்ததோடு அந்த மரபு நின்றே போனது. 2005இல் சம்சுர் ரஹ்மான் ஃபாரூக்கியின் வழிகாட்டுதலில் மஹ்மூத் ஃபாரூக்கி அதை மறுபடி மேடைக்குக் கொண்டுவந்தார். இப்போது இளைஞர்கள் பலர் சொல்கிறார்கள், கேட்டுப் பாருங்கள்.

தில்ஸம் என்பது மந்திரவாதிகள் கட்டிய ஒரு தனி உலகம். அதன் முதல் சட்டமே பிரமாதம்: கட்டும்போதே அதை அழிக்கப் போகிறவன் யார் என்று எழுதிவைத்துவிடுகிறார்கள். அழிக்கும் வழியைச் சொல்லும் ஒரு பலகையும் அதற்குள்ளேயே எங்கோ இருக்கும். ஹோஷ்ருபாவில் அழிக்க வேண்டியவன் ஹம்ஸாவின் பேரன் அசத். அரசன் அஃப்ராசியாப் எவ்வளவு பெரிய மாயக்காரனாக இருந்தாலும் இந்த எழுத்தை அவனால் அழிக்க முடியாது. அப்படியானால் ஆயிரக்கணக்கான பக்கம் எதற்கு என்று கேட்பீர்கள். யார் ஜெயிப்பார் என்ற பதற்றத்தை முதலிலேயே எடுத்துப் போட்டுவிட்டதால், கேட்கிறவர்கள் எப்படி என்பதில் முழு மனதையும் வைக்கிறார்கள். சொல்கிறவருக்கும் அவசரம் இல்லை, ஒரு தோட்டத்தை வர்ணிக்க ஒரு முழு இரவு எடுத்துக்கொள்ளலாம்.

இன்னொரு சட்டம், ஹம்ஸாவும் அவன் வீரர்களும் மாயம் செய்வதில்லை, மாயம் மந்திரவாதிகளின் வேலை. அதனால்தான் அமர் அய்யார் என்ற தந்திரக்காரனுக்கு அவ்வளவு வேலை. வேஷம் போடுவான், மயக்க மருந்து கொடுப்பான், உலகத்தையே போட்டாலும் நிறையாத சம்பில் என்ற பையில் அகப்பட்டதை எல்லாம் திணித்துக்கொள்வான். மந்திரவாதி ஒருவன் செத்தால் இருட்டிக்கொண்டு வந்து, பெரும் கூச்சலோடு, "என்னைக் கொன்றுவிட்டாய், என் பெயர் இன்னது" என்று ஒரு குரல் கேட்கும். அதனால் அந்த உலகத்தில் ரகசியக் கொலை என்பதே கிடையாது. வேஷத்தில் நிற்கும் அய்யாருக்கு எவ்வளவு ஆபத்து என்று யோசித்துப் பாருங்கள், காட்சிகள் தானாக வரும்.

தமிழில் எழுதும்போது பெயர்களை மாற்றி நம் ஊர் ராஜா கதையாக்கிவிடாதீர்கள். வாணியம்பாடியில் தாத்தா மடியில் கேட்ட கதை அது, அந்த வாசனையோடேயே வரட்டும்.

இல்லத்தரசி, ஓசூர்: என் கதையில் ஒரு ஊர், அங்கே கதை தெரிந்தும் சொல்லாமல் வைத்திருப்பது குற்றம். இதைப் படித்த என் கணவர், யாராவது இதற்கெல்லாம் தண்டனை கொடுப்பார்களா என்கிறார்.

கொடுத்திருக்கிறார்கள், உங்களுக்குப் பக்கத்துக் கர்நாடகத்திலேயே. ஏ.கே. ராமானுஜன் எழுதிவைத்த ஒரு கன்னட நாட்டுப்புறக் கதையைக் கேளுங்கள். ஒரு பெண்ணுக்கு ஒரு கதையும் ஒரு பாட்டும் தெரியும், இரண்டையும் யாருக்கும் சொன்னதில்லை. உள்ளேயே அடைபட்டு மூச்சு முட்டிய அவை, ஒரு நாள் அவள் வாய் திறந்து தூங்கும்போது வெளியே வந்துவிட்டன. கதை ஒரு ஜோடிச் செருப்பாகி வாசலில் உட்கார்ந்தது, பாட்டு ஓர் ஆண்பிள்ளையின் கோட்டாகி ஆணியில் தொங்கியது. வீட்டுக்கு வந்த புருஷன் யார் வந்தது என்று கேட்கிறான், அவளுக்குத் தெரியவில்லை. சண்டை முற்றி, அவன் கம்பளியை எடுத்துக்கொண்டு அனுமார் கோயிலுக்குப் படுக்கப் போய்விட்டான். இரவில் ஊரில் அணைக்கப்பட்ட விளக்குகளின் சுடர்கள் எல்லாம் அந்தக் கோயிலில் கூடிப் பேசுமாம். அவன் வீட்டுச் சுடர் தாமதமாக வந்து, நடந்ததைச் சொல்ல, படுத்திருந்தவனுக்கு உண்மை தெரிந்தது. காலையில் ஓடிப்போய் அவளிடம் கேட்டால், அவளுக்கு அந்தக் கதையும் நினைவில்லை, பாட்டும் நினைவில்லை.

இங்கே நீதிபதி இல்லை, காவலர் இல்லை. தண்டனை கொடுத்தது கதையேதான். உங்கள் ஊரிலும் அரசனையோ பஞ்சாயத்தையோ கொண்டுவந்து தீர்ப்புச் சொல்ல வைக்காதீர்கள், அடக்கிவைத்த கதை தானாக என்ன செய்யும் என்பதைப் பாருங்கள். கணவரிடமும் இந்தக் கதையைச் சொல்லுங்கள்.

வாசகர், பெயர் வேண்டாம் என்கிறார்: கதைக்குக் காசுபோல மதிப்பு இருக்கிற உலகம் ஒன்றை யோசித்திருக்கிறேன். ஏற்கெனவே யாராவது செய்துவிட்டார்களா?

ஆயிரத்தொரு இரவுகளில் இருக்கிறது. வணிகன் ஒருவன் பேரீச்சங்கொட்டையை எறிய, அது கண்ணுக்குத் தெரியாத ஜின்னின் மகன் மேல் பட்டு அவன் செத்துவிடுகிறான். வணிகனை வெட்ட வாளோடு நிற்கும் ஜின்னிடம் மூன்று கிழவர்கள் பேரம் பேசுகிறார்கள், என் கதை உனக்கு அதிசயமாகப் பட்டால் இவன் ரத்தத்தில் மூன்றில் ஒரு பங்கை எனக்குக் கொடு என்று. மூன்று கதையில் ஓர் உயிர் மீண்டது. ராஜாவிடம் கதை சொல்லித் தன் உயிரை நீட்டித்துக்கொண்டிருக்கிற ஷெஹராசாத்தின் வாயிலிருந்து வரும் கதை இது என்பதை நினைத்துக்கொள்ளுங்கள். அவள் ராஜாவுக்கு விலைப்பட்டியலைப் படித்துக் காட்டுகிறாள்.

செய்துவிட்டார்களே என்று விட வேண்டாம். உங்கள் உலகத்தில் ஒரு கதையை இரண்டு முறை செலவு செய்யலாமா, கள்ளக் கதை புழங்குமா, ஏழைக்குக் கதை எங்கிருந்து கிடைக்கும்? இவற்றை யாரும் எழுதவில்லை என்றால் நீங்கள் எழுதுங்கள்.

வாசகி, மதுரை: நிஜச் சட்டம் பற்றி ஒரு கேள்வி. நான் உருவாக்கிய மாய உலகத்தின் யோசனையை ஒரு குழுவில் பகிர்ந்தேன், ஒருவர் அதேபோல ஒரு தொடர் எழுதத் தொடங்கிவிட்டார். வழக்குப் போடலாமா?

யோசனைக்கு மட்டும் உரிமை கேட்க முடியாது. 1978இல் ஆர்.ஜி. ஆனந்த் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. தன் நாடகத்தைப் படமாக்கிவிட்டார்கள் என்று அவர் வழக்குப் போட்டார். கருத்து, கரு, கதைப்போக்கு இவற்றுக்குக் காப்புரிமை இல்லை, அவற்றைச் சொன்ன விதத்துக்குத்தான் உண்டு என்று தீர்ப்பு வந்தது, அவருக்கு வெற்றி கிடைக்கவில்லை. ஆனால் நீங்கள் எழுதிவைத்த பக்கங்கள், உங்கள் வாக்கியங்கள், காட்சிகளைக் கோத்த முறை, இவற்றை அவர் அப்படியே எடுத்திருந்தால் அது வேறு விஷயம். 1957ஆம் ஆண்டுக் காப்புரிமைச் சட்டப்படி எழுதிய உடனேயே உரிமை உங்களுடையது, பதிவு செய்துதான் ஆக வேண்டும் என்றில்லை. உங்கள் வாழ்நாள் முழுவதும், அதற்கு அப்புறம் 60 வருடமும் அந்த உரிமை இருக்கும்.

அதனால் யோசனையாக வைத்திருக்காமல் எழுதிவிடுங்கள். தேதியோடு பிரதியை வைத்துக்கொள்ளுங்கள், குழுவில் சொல்வதற்கு முன்னால் முதல் மூன்று அத்தியாயமாவது கையில் இருக்கட்டும். அந்தத் தொடரில் உங்கள் வரிகள் அப்படியே வந்திருப்பதாகத் தெரிந்தால் இரண்டையும் பக்கத்தில் வைத்து ஒரு வழக்கறிஞரிடம் காட்டுங்கள்.